தலைமாட்டுப் படம்

பெர்லின், 9 மார்ச் 1931

அன்பான மரிவோன் அக்காவுக்கு,

உன் லியோனி சுகமாக இருக்கிறாள். வேளைக்குச் சாப்பிடுகிறேன், நம்பு. இங்கே ஒரே படத்தை இரண்டு தடவை எடுக்கிறார்கள். காலையில் ஹெர்தா என்ற நடிகை ஜெர்மன் மொழியில் நடித்துவிட்டுப் போவாள். மத்தியானம் அதே உடுப்பில், அவளுக்காகத் தரையில் போட்ட அதே சாக்கட்டிக் கோட்டில் நின்று, நான் பிரெஞ்சில் நடிக்க வேண்டும். அவள் என்னைவிட ஒரு சாண் உயரம். பாவாடையைக் குண்டூசி குத்தித் தூக்கிவிடுகிறார்கள். இருந்தாலும் பாட்டு என் பாட்டு, அக்கா. இசைத்தட்டு அனுப்பியிருக்கிறேன், என் மகள் ஆனிக்குக்குப் போட்டுக் காட்டு.

போட்டோ கேட்டாயே, இப்போது வேண்டாம். எனக்கென்று ஒரு படம் வரட்டும், அழகாக எடுத்து அனுப்புகிறேன். அன்றைக்கே பிள்ளையையும் என்னோடு வைத்துக்கொள்வேன்.

உன் தங்கை,
லியோனி

துவார்னெனே, 20 ஜூன் 1931

அடி லியோனி,

ஆலையில் மத்தி மீன் வந்து குவிகிறது. கையெல்லாம் உப்பு, எழுத்து கோணினால் பொறுத்துக்கொள். ஆனிக் கிராமபோன் பக்கத்திலேயே கிடக்கிறாள். தட்டு நின்றதும், "பெரியம்மா, அம்மாவ இன்னொருக்கா பாடச் சொல்லு" என்று உயிரை வாங்குகிறாள்.

நேற்று, "அம்மா மூஞ்சி எப்படி இருக்கும்?" என்று கேட்டாள். "உன்ன மாதிரியேதான், கறுப்பு முடி, சின்ன மூக்கு" என்றேன். நம்பவில்லை. நீ போகும்போது அவளுக்கு ஒன்றரை வயதுடி! உன் படமும் நம்மூர்க் கொட்டகைக்கு வரக் காணோம். ஒரு போட்டோவுக்கு என்னடி இவ்வளவு பிகு, மகாராணி? ஏதாவது ஒன்றை அனுப்பித் தொலை.

மரிவோன்

பாரிஸ், 14 நவம்பர் 1932

அக்கா,

எல்லாம் போய்விட்டது. இரண்டு தடவை எடுப்பதை நிறுத்திவிட்டார்கள். முகம் இனி ஹெர்தாவுடையது மட்டும். நான் இருட்டறையில் திரையைப் பார்த்தபடி, அவள் வாய் அசைகிற நேரத்துக்குப் பிரெஞ்சில் பேச வேண்டும், பாட வேண்டும். பெயர்கூடப் போடமாட்டார்கள். வேஷம் கேட்டுப் போனால், "உன் குரல் போதும்மா" என்கிறார்கள்.

ஆனிக் கேட்கிற அந்தப் பாட்டையே, இப்போது நான் குரல் கொடுத்த படத்திலும் சேர்த்திருக்கிறார்கள். அது அங்கே வந்தால் பிள்ளையைக் கூட்டிக்கொண்டு போகாதே. என் குரல் இன்னொருத்தி வாயிலிருந்து வருவதை அவள் பார்க்க வேண்டாம், அக்கா.

லியோனி

துவார்னெனே, 8 ஜனவரி 1933

லியோனி கண்ணே,

என்னைத் திட்டாதே. கிறிஸ்துமஸ் சமயம் நான் காய்ச்சலில் கிடந்தேன். பக்கத்து வீட்டு பெரின், விவரம் தெரியாமல், பிள்ளையைச் சினிமாவுக்குக் கூட்டிப்போய்விட்டாள். பாட்டு வந்ததும் ஆனிக் பெஞ்சில் ஏறி நின்று, "எங்கம்மா! அது எங்கம்மா!" என்று கத்தினாளாம். கொட்டகையே கைதட்டியதாம்.

கொட்டகை வாசலில் இருந்த ஹெர்தாவின் கலர்ப் படத்தைப் பெரின் கேட்டு வாங்கித் தந்திருக்கிறாள். ஆனிக் அதைத் தலைமாட்டில் ஒட்டி, தினமும் முத்தம் கொடுக்கிறாள். உண்மையைச் சொல்லப் போனேன், வாய் வரவில்லை. நீயே புறப்பட்டு வா. நேரில் பார்த்தால் பெற்றவளைத் தெரியாமலா போகும்?

மரிவோன்

பாரிஸ், 3 பிப்ரவரி 1933

அக்கா,

ஊருக்கு வந்து திரும்பும்போது ஸ்டேஷனில் நீ அழுதுகொண்டு நின்றாய், நான் சொல்லிக்கொள்ளாமல் ரயிலேறிவிட்டேன். உன்மேல் கோபமில்லை. குழந்தைமேல் கோபப்பட முடியுமா? "நீங்க பொய் சொல்றீங்க. எங்கம்மா உசரம், மஞ்ச முடி" என்று அந்தப் படத்தைக் கையால் மறைத்துக்கொண்டு நின்றாளே! பாடினால் தெரிந்துகொள்வாள் என்று பாடினேன். என் வாயைப் பொத்தி, "எங்கம்மா பாட்ட நீங்க பாடாதீங்க" என்றாள். போட்டோ கேட்டபோதே அனுப்பியிருந்தால் இந்தக் கதி வந்திருக்காது. என் பவிசு என்னைக் கெடுத்தது.

நேற்று ஹெர்தாவின் அடுத்த மூன்று படங்களுக்கும் குரல் கொடுக்கக் கூப்பிட்டார்கள். சரி என்றேன். மானங்கெட்டவள் என்று திட்டிக்கொள். என் பிள்ளையோடு நான் பேச வேறு வழி எங்கே இருக்கிறது? படம் வரும்போதெல்லாம் கூட்டிப்போ. நன்றாகக் காதில் விழுகிற இடமாகப் பார்த்து உட்கார வை. உண்மையைச் சொல்லாதே. நான் இனி அங்கே வரமாட்டேன். வந்தது யார் என்று கேட்டால், யாரோ பாரிஸ்காரி என்று சொல்லிவிடு.

தலைமாட்டுப் படத்தில் ஒரு மூலை கிழிந்திருந்தது. கொஞ்சம் பசை வைத்து ஒட்டிவிடு.

லியோனி