ஐந்தாவது நிபந்தனை

அன்பு மகள் குட்டிக்கு அம்மா எழுதுவது. நானும் அப்பாவும் சுகமாக இருக்கிறோம், நம் வேன் மட்டும் மூன்று வாரம் காவல் நிலையத்தில் இருந்துவிட்டு வந்திருக்கிறது. நீயும் மாப்பிள்ளையும் சுகம்தானா என்று எழுது, போனில் நீ இருமியதை நான் கவனிக்காமல் இல்லை.

உன்னிடம் மறைத்தது என் தப்புதான், திட்டுவதானால் முழுக்கப் படித்துவிட்டுத் திட்டு. இரண்டு மாதம் முன்பு அப்பா கடையிலிருந்து மெத்தைகளை ஏற்றிக்கொண்டு போய் இடதுபக்கம் திரும்பும்போது, சைக்கிளில் வந்த தையல்காரரை இடித்துவிட்டார். நல்லவேளை, மணிக்கட்டோடு போயிற்று, மாவுக்கட்டும் பிரித்தாகிவிட்டது. நான் நாலு தடவை போய்ப் பார்த்தேன். அவர் கோபப்படவே இல்லை, உங்க வீட்டுக்காரர் என்னைப் பார்த்துக்கிட்டேதாம்மா வந்து இடிச்சாரு என்று மட்டும் சொன்னார். பார்த்தும் அப்பா கண்ணுக்கு அவர் தெரியவில்லை என்று எனக்குப் புரிந்துவிட்டது. அப்பாவுக்கு இடது கண் மங்கியது நமக்குத் தெரியும், அவருக்கும் தெரியும், ஒத்துக்கொள்ளத்தான் மாட்டார். செய்தித்தாளைக் கைநீளத்துக்குத் தள்ளிப் பிடித்துக்கொண்டு, இப்பல்லாம் மை சரியில்ல என்பார். இன்னொரு நாள் சைக்கிளில் ஒரு குழந்தை வந்தால் என்ன ஆவது என்று எனக்குத் தூக்கமே போயிற்று.

வேனைப் போலீஸ் எடுத்துக்கொண்டு போக, வக்கீல் மனுப் போட, நீதிமன்றம் நிபந்தனைகளோடு விட்டது. ஜாமீன் கையெழுத்து நான்தான் போட்டேன். வேனைக் கொண்டுவந்து நிறுத்தாவிட்டால் என்னைத்தான் கேட்பார்களாம். முப்பது வருஷமாக உன் அப்பாவுக்கே ஜாமீன் நிற்கிறேன், வேன் என்ன பிரமாதம். வீட்டுக்கு வந்ததும் உத்தரவை என்னிடம் நீட்டி, சட்டையை மாத்தணும், நீ படி என்றார். படித்தேன். வழக்கு முடியும்வரை வேனை விற்கக் கூடாது, நிறத்தையும் உருவத்தையும் மாற்றக் கூடாது, கூப்பிடும் நாளில் கொண்டுவந்து நிறுத்த வேண்டும், நாலு பக்கமும் படம் எடுத்துக் கொடுக்க வேண்டும். அத்தோடு உத்தரவு முடிந்தது, என் வாய்தான் முடியவில்லை. ஐந்தாவது, கண் மருத்துவரிடம் சான்று வாங்கும்வரை உரிமையாளர் தானே ஓட்டக் கூடாது என்று அதே குரலில் படித்துவிட்டேன். நீதிபதி என்னை மன்னிக்கட்டும். அப்பா காகிதத்தை வாங்கிக் கைநீளத்துக்குப் பிடித்துப் பார்த்துவிட்டு, ஆமா, அஞ்சாவது, நானும் கோர்ட்லயே கவனிச்சேன் என்றார். நான் சிரிப்பை அடக்க அடுப்படிக்கு ஓடினேன்.

அன்றிலிருந்து சித்தப்பா ஓட்டுகிறார், முட்டை ஏற்றினவர் மாதிரி ஊர்கிறார். அப்பா பக்கத்தில் உட்கார்ந்து இல்லாத பிரேக்கை மிதித்துக்கொண்டே போகிறார். வேனைக் கழுவவும் விடுவதில்லை, நிறம் மாறிவிட்டால் நீதிபதிக்கு யார் பதில் சொல்வது என்கிறார். கண்ணாடிமேல் காக்கை எச்சம் பத்து நாளாக அப்படியே இருக்கிறது.

நச்சரித்து நச்சரித்து நேற்று ஒருவழியாகக் கண் ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போனேன். யார் அனுப்பினார்கள் என்று நர்ஸ் கேட்டதற்கு, கோர்ட்டு என்று கெத்தாகச் சொன்னார். நான் சுவரில் இருந்த எழுத்துப் பலகையை மும்முரமாகப் படிக்க ஆரம்பித்தேன். புரை முற்றியிருக்கிறதாம், வருகிற வியாழக்கிழமை அறுவை சிகிச்சை. சொட்டு மருந்து விட்டுக் கண்ணை மூடி பெஞ்சில் உட்கார்ந்திருந்தவர் மெதுவாக, நீ கையெழுத்துப் போட்டுக்கிட்டு இருந்தப்பவே வக்கீல் குமாஸ்தா எனக்குப் படிச்சுக் காட்டிட்டாரு, நாலுதான் இருந்துச்சு என்றார். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. பின்னே ஏன் இத்தனை நாள் ஓட்டவில்லை என்று கேட்டேன். நாலையும் கடகடன்னு படிச்சே, அஞ்சாவது வந்தப்ப உன் குரல் நடுங்குச்சு, அதான் சாவியைத் தம்பிகிட்ட குடுத்துட்டேன் என்றார். அந்த பெஞ்சிலேயே நான் அழுதுவிட்டேன், அவர் கண் மூடியிருந்ததால் பார்க்கவில்லை என்று நினைத்துக்கொண்டிருக்கிறேன்.

நீங்கள் இருவரும் ஒரு குறையும் இல்லாமல் நீடூழி வாழ வேண்டும். வியாழக்கிழமை அப்பாவுக்கு மறக்காமல் போன் செய், அந்த ஐந்தாவது நிபந்தனை பற்றி மட்டும் உனக்கு எதுவும் தெரிந்ததாகக் காட்டிக்கொள்ளாதே. அந்த இருமலுக்கு டாக்டரைப் பார், இல்லையென்றால் உனக்கும் ஒரு உத்தரவு படிப்பேன்.

இப்படிக்கு,
வேனுக்கும் உன் அப்பாவுக்கும் ஜாமீன் நிற்கும்
அம்மா