நண்பன் விசாரிக்க மறுத்த வழக்கு

வாடிப்பட்டி
2.12.2024

அன்பு மாப்ள சந்தானம்,

நாங்க நல்லாருக்கோம்னு எழுத ஆசைதான். வீட்டுல சூடாமணியும் பிள்ளைகளும் சுகமா? நாலு நாளா போன் அடிக்கிறேன், எடுக்க மாட்டேங்கிற. அதான் பேப்பரைக் கையில எடுத்துட்டேன்.

மழையில மூழ்குன நெல்லைப் பாக்க வி.ஏ.ஓ. வயல் பக்கமே வரல, ஆபீஸ்ல உக்காந்தே நிவாரணப் பட்டியல் எழுதிட்டாருன்னு சோலையம்மாள்னு ஒரு அம்மா என் மேல புகார் குடுத்திருக்கு. என்னையக் கூப்பிட்டு ஒரு வார்த்தை கேக்கல, சஸ்பெண்ட் பண்ணிட்டாங்க. புகார் நகல்கூடத் தரல. என் வீட்டுக்காரி தங்கப்பொண்ணுக்குச் சோறு இறங்கல. ஆனா விசாரணை அதிகாரி நீதான்னு ஆர்டர் வந்துச்சு பாரு, வீட்டுல பாயாசமே வச்சுட்டோம்! ஞாயித்துக்கிழமை ஒத்தக்கடைக்கு வாரேன். மிச்சத்த நேர்ல பேசிக்குவோம்.

உன்
கருப்பு

ஒத்தக்கடை
6.12.2024

அன்புள்ள கருப்பு,

ஞாயிற்றுக்கிழமை வராதே. கோபப்படாமல் கடைசிவரை படி.

நாம் இருவரும் மூன்று வருஷம் ஒரே ஹாஸ்டல் அறையில் இருந்தவர்கள், வேறு அதிகாரியைப் போடுங்கள் என்று மேலே எழுதிக் கொடுத்துவிட்டேன். உன் கடிதத்தையும் அதோடு வைத்துவிட்டேன், பாயாசம் உட்பட.

எந்த ஊழியருக்கும் உள்ள உரிமையை மட்டும் சொல்கிறேன். புகார் நகலையும் சாட்சி வாக்குமூலத்தையும் எழுத்தில் கேள். சாட்சியை நீயே கேள்வி கேட்கலாம். விசாரணை முடியும்வரை இனி எழுத மாட்டேன்.

அன்புடன்
சந்தானம்

வாடிப்பட்டி
11.12.2024

சந்தானம் சாருக்கு,

பாயாசத்தையுமா ஃபைல்ல வச்ச? நல்லாரு. உன் பேரைச் சொன்னாலே தங்கப்பொண்ணு பாத்திரத்தப் போட்டு உருட்டுறா. விசாரணைக்குப் புதுசா யாரோ ஹம்சவேணியாம். முன்னப்பின்ன தெரியாத ஆளுகிட்ட என்னையத் தள்ளிவிட்டுட்ட.

கருப்பு

வாடிப்பட்டி
5.2.2025

மாப்ள,

மறுபடி மாப்ளன்னு எழுதிட்டேன், கவனிச்சியா? வேலைக்குத் திரும்பிட்டேன்!

அந்த ஹம்சவேணி மேடம் சிரிக்கவே இல்ல. ஆனா கேட்ட காகிதம் அம்புட்டையும் குடுத்தாங்க, படிக்க நாளும் குடுத்தாங்க. விசாரணை அன்னைக்கு, "சாட்சியை நீங்க கேளுங்க"ன்னாங்க. "அம்மா, மழைக்கப்புறம் உங்க வயலுக்கு யாரு வந்தா?"ன்னு மட்டும் கேட்டேன்.

சோலையம்மாள் என்னைய ஏற இறங்கப் பாத்துச்சு. "நீதானய்யா வந்த! சேத்துல செருப்பு மாட்டிக்கிட்டு நின்னியே, நாந்தானே இழுத்து விட்டேன்! வரலேன்னு எவன் சொன்னான்? எம்பேரு பட்டியல்ல இல்லேன்னுதான் சொன்னேன். மனு எழுதுன ஆளு என்னத்த எழுதுனானோ, அதையே வாக்குமூலம்னும் எழுதிக் கைநாட்டு வாங்கிட்டாக!"

மேடத்துக்கே உதட்டோரம் லேசா சிரிப்பு வந்துருச்சு.

ஆனா பேரு விட்டுப்போனது என் தப்புதான். ஒத்துக்கிட்டேன். அதுக்குக் கண்டனம் மட்டும் போட்டிருக்காங்க. அந்தம்மா பேரையும் சேத்தாச்சு. நீ விசாரிச்சு விட்டிருந்தா, கூட்டாளி காப்பாத்திட்டான்னுதான் ஊரு பேசியிருக்கும். இப்ப டீக்கடையில நிமிந்து உக்காருறேன்.

பதினாறாம் தேதி எம்மக பவதாரிணிக்குக் காதுகுத்து. குடும்பத்தோட வந்து சேரு.

கருப்பு

ஒத்தக்கடை
8.2.2025

அன்புள்ள கருப்பு,

கடிதத்தைச் சூடாமணிக்கு இரண்டு தரம் படித்துக் காட்டினேன். அவ்வளவு சந்தோஷம்.

ஆனால் ஒன்றைச் சொல்லாமல் விருந்துக்கு வர மனசு வரவில்லை. ஊர் பேசும் என்பதற்காக மட்டும் நான் விலகவில்லை. கோப்பைப் படித்தேன். புகாரும் வாக்குமூலமும் ஒரே மாதிரி இருந்தன, உன் அலுவலக டைரியில் அந்த நாள் காலியாக இருந்தது. நீ வயலுக்குப் போகவில்லை என்றே நம்பிவிட்டேன், கருப்பு. நம்பிய பிறகும் உனக்காக அதை மறைத்து எழுதிவிடுவேனோ என்று பயந்தேன். உன்னிடம் ஒரு கேள்வி கேட்பதற்கு முன்பே முடிவு கட்டியவன் நான்.

இதற்குப் பிறகும் கூப்பிடுகிறாயா?

சந்தானம்

வாடிப்பட்டி
11.2.2025

மாப்ள,

படிச்சதும் சுருக்குன்னுதான் இருந்துச்சு. அன்னைக்கு அலைச்சல்ல டைரி எழுத மறந்தது என் தப்புதான். தங்கப்பொண்ணுகிட்ட காட்டினேன். "அந்த அண்ணே தானா இதை எழுதலைன்னா உனக்குத் தெரியவா போகுது?"ன்னா.

பதினாறாம் தேதி காலையில எட்டு மணிக்கெல்லாம் வந்துரு. பந்திக்கு முன்னாடி உன்னைய உக்கார வச்சு நான் விசாரிக்கணும். பயப்படாத. உன் பக்கத்தை முழுசாக் கேக்காம நான் எந்த முடிவும் எடுக்க மாட்டேன்.

உன்
கருப்பு