சரி, உன் இஷ்டம்

அன்புள்ளவளுக்கு,

தம்பி வீட்டில் சௌகரியமாக இருக்கிறேன். கவலைப்படாதே.

புத்தகக் கடையில் நீ வாசகர்களைச் சந்தித்தபோது நானும் வந்திருந்தேன். சமையல் புத்தக அலமாரிக்குப் பின்னால் நின்றேன். கட்டம்போட்ட சட்டைக்காரர் ஒருவர் எழுந்து, "உங்க நாவலோட முடிவு தப்புங்க" என்றார். நீ நாற்காலியின் நுனிக்கு வந்துவிட்டாய். "எப்படித் தப்பு, சொல்லுங்க பாப்போம்" என்று அவரைப் பிடித்துக்கொண்டாய். அவர் சொன்ன ஒவ்வொன்றையும் தவிடுபொடியாக்கினாய். மனுஷர் தோற்றுப்போய், முகமெல்லாம் பல்லாக உட்கார்ந்தார்.

உன்னிடம் அப்படிச் சிரித்துக்கொண்டே தோற்ற முதல் ஆள் நான். கல்லூரி விவாதப் போட்டிகளில் நீ வாங்கிய கோப்பைகளில் பாதி என்னைத் தோற்கடித்து வாங்கியவை. கல்யாணமான பிறகு ஜன்னல் திரையின் நிறத்துக்குக்கூட என்னோடு மல்லுக்கு நின்றாய். எழுத்தாளராகி மூன்று நாவல்கள் வந்த பிறகு, நான் எதைச் சொன்னாலும் "சரி, உன் இஷ்டம்" என்கிறாய். வேலையை விடப்போவதாகப் பொய் சொல்லிப் பார்த்தேன். எழுதுவதிலிருந்து தலை நிமிராமல் "சரி" என்றாய்.

அந்தச் சட்டைக்காரர்மேல் எனக்குப் பொறாமை ஒன்றும் இல்லை. அவருடைய வாதம் சொத்தை, அவ்வளவுதான்.

நான் தள்ளி இருப்பதுதான் உன் எழுத்துக்கு நல்லது என்று தம்பியிடம் சொன்னேன். "அண்ணி ஒத்துக்கிட்டாங்களா?" என்று கேட்டான். "உன் இஷ்டம்னுட்டா" என்றேன். அவன் பேச்சை மாற்றிவிட்டான்.

நன்றாக யோசித்துத்தான் கிளம்பினேன். நான் செய்தது சரி என்றே இன்னும் சொல்கிறேன். இல்லை என்று நீ நினைத்தால், ஃபோனில் வேண்டாம், கடிதமும் வேண்டாம். நேரில் வந்து என்னோடு சண்டை போடு.

தோற்கத் தயாராக இருக்கும்
உன் கணவன்