கழற்றாத சுவர்

வியாழன் இரவு, அபுதாபி

இயக்குநர் மார்ட்டின் இன்று சுவரைக் கழற்றச் சொன்னார். ஜெர்மன் சினிமாவில் பல வருடம் உதவியாளராக இருந்தபின், கலை இயக்குநர் என்று என் பெயர் வரப்போகும் முதல் படம் இது. பாலைவனக் காட்சிகளுக்காக வந்த இடத்திலேயே, முசஃபா தொழிற்பேட்டையில் ஒரு கிடங்குக்குள் பெர்லின் வீட்டின் படுக்கையறையை செட் போட்டிருக்கிறேன்.

"கேமரா பின்னால் போக இடமே இல்லை," என்றார்.

தச்சு வேலை ஃபோர்மேன் செல்வம் அதற்குள் டிரில்லோடு வந்துவிட்டார். "கழட்டிரவா மேடம்? பத்து நிமிச வேலைதான்."

"வேணாம் செல்வம், இருங்க."

மார்ட்டினிடம் சொன்னேன்: "பிரியப்போகிற தம்பதி சண்டை போடும் அறை இது. விலகி நிற்க இடம் கொடுத்தால் சண்டை அடங்கிவிடும். ஒரு தடவை இப்படியே எடுத்துப் பாருங்கள். சரிவராவிட்டால் நானே கழற்றுகிறேன்."

எடுத்தார்கள். நடிகை கோபத்தில் வெளியேறத் திரும்பினாள். கட்டிலுக்கும் அலமாரிக்கும் நடுவே கணவனாக நடிப்பவன் நின்றான். அவனை உரசாமல் போக வழியில்லை. கத்த வேண்டிய வசனத்தை அவன் நெஞ்சுக்கு நேராக, தாழ்ந்த குரலில் சொன்னாள்.

"கலாஸ், சுவர் இருக்கட்டும்," என்றார் மார்ட்டின். 'முடிந்தது' என்று பொருள்; இங்கே வந்து அவர் கற்றுக்கொண்ட ஒரே அரபுச் சொல் அது.

அந்த நெருக்கடிக்குள் கேமராவோடு மல்லுக்கட்டிய ஒளிப்பதிவாளர் மட்டும் கிளம்பும்வரை என்னோடு பேசவில்லை. அடுத்த படத்துக்கு என் பெயரைச் சொல்வதாக இருந்தவர் அவர்தான். இனிச் சொல்வாரோ என்னவோ. நான் செய்தது சரி.

நாளைக்குக் குளியலறைக் காட்சி. அந்த செட்டை ஒளிப்பதிவாளர் இன்னும் பார்க்கவில்லை. இதைவிடச் சின்னது.