ஏழு நிமிட மணல்

மார்ச் 3
படத்தில் வசனம் கிடையாது. மணல், வெயில், ஒரு மனிதன். ஏழு நிமிடம், அவ்வளவுதான். நடிப்பவர் மாமா, அம்மாவின் தம்பி. ஓய்வு பெற்ற பஸ் கண்டக்டர். அத்தை போன பிறகு தனியாகத்தான் இருக்கிறார். அதற்காகவே அவரைக் கேட்டேன். கேமரா என் தம்பி. பாலைவனம் வரை பாடிக்கொண்டே வண்டி ஓட்டினான்.

மார்ச் 5
ஒரு ஷாட்டும் தேறவில்லை. மாமாவின் நடை ஓடும் பஸ்ஸில் காலை அகட்டி நிற்பதுபோலவே இருக்கிறது. தம்பி விழுந்து விழுந்து சிரித்தான். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

மார்ச் 6
நடந்ததை அப்படியே எழுதிவிடுகிறேன்.

பன்னிரண்டாவது முறையாக மணல்மேட்டில் ஏறச் சொன்னேன். செருப்பைக் கழற்றச் சொன்னதும் நான்தான். "பாதம் கொப்பளிச்சிருச்சும்மா, நாளைக்குப் பாத்துக்கலாமே" என்றார். தம்பியும் கேமராவுக்குப் பின்னாலிருந்து "விடுக்கா" என்று கத்தினான். விட்டேனா? குடையைப் பிடித்தபடி அவர் அருகில் போய், சொல்லக்கூடாததைச் சொன்னேன்: "அத்தை உயிர் போனப்ப பக்கத்துல நின்னீங்கல்ல? அந்த மூஞ்சிதான் வேணும்."

அறைந்தார். உதடு கிழிந்து வாயெல்லாம் ரத்தம். தம்பி ஓடிவந்து அவர் சட்டையைக் கொத்தாகப் பிடித்தான். "என் அக்காவயா அடிக்கிற?" மாமா என் குடையைப் பிடுங்கினார். இரும்புத் தண்டு. இரண்டே அடி. தம்பியின் கை எலும்பு முறிந்த சத்தம் எனக்குக் கேட்டது. பிறகு குடையை எறிந்துவிட்டு, மணலில் தலையை முட்டி முட்டி அழுதார்.

நான் என்ன செய்தேன்? தம்பியைத் தூக்கினேனா? இல்லை. கேமரா ஓடுகிறதா என்று திரும்பிப் பார்த்தேன்.

ஓடிக்கொண்டிருந்தது.

மார்ச் 7
"வழுக்கி விழுந்துட்டேன்" என்று தம்பி டாக்டரிடம் சொன்னான். மாமா வாசலிலேயே நின்றார்.

மார்ச் 20
அவர் அழும் அந்த நாற்பது வினாடிகள்! மற்றதெல்லாம் வெறும் மணல். தம்பி கட்டுப்போட்ட கையோடு வந்து பார்த்தான். "அத வெட்டி எடுத்துடுக்கா. கெஞ்சிக் கேக்குறேன்."

"அதுதான்டா படமே."

இடது கையால் மானிட்டரை இழுத்துத் தரையில் அடித்தான். கண்ணாடி என் காலில் தெறித்தது. "நீயெல்லாம் ஒரு மனுஷியா?"

படம் வேறொரு டிஸ்க்கில் பத்திரமாக இருக்கிறது என்றேன். சொல்லியிருக்க வேண்டாம்.

ஏப்ரல் 18
ஒரு குறும்பட விழாவுக்குப் படம் தேர்வாகிவிட்டது. 'தனிமையை இவ்வளவு உண்மையாகக் கண்டதில்லை' என்று எழுதியிருக்கிறார்கள். யாரிடம் சொல்வது?

ஏப்ரல் 23
தம்பிக்கு இன்று கட்டுப் பிரித்தார்கள். மாமாதான் கூட்டிப் போனாராம். அவன் இப்போது அவர் வீட்டில்தான் இருக்கிறானாம். அம்மா சொல்லித்தான் தெரியும். உடனே ஃபோன் போட்டு, "நானும் வரட்டுமா மாமா?" என்று கேட்டேன்.

அவர் கோபப்படவில்லை. "நீ உன் வேலையப் பாரும்மா" என்றார்.