கரோலினா என்கிற நான்

2024 பெப்ரவரி 4, ஞாயிறு
என் பன்னிரண்டாவது படம் இன்று ஜெர்மன் தொலைக்காட்சியில் போனது. நோர்வேயில் சிவப்பு மரவீடு, பியோர்ட் என்ற கடற்கழியின் கரை, பிரிந்த காதலர், எண்பத்தெட்டாம் நிமிடத்தில் முத்தம். எழுதியவர்: கரோலினா லிண்ட். அதாவது நான், கீர்த்தனன். டோர்ட்முண்டில் வளர்ந்து, கலியாணம் கட்டி ஒஸ்லோ நகரின் ஹவுகன்ஸ்டுவா பகுதிக்கு வந்த வழுக்கைத் தலையன். இந்த மாதிரிக் கதைக்கு என் பெயர் எடுபடாது என்று அன்றைய தயாரிப்பாளர் சொன்னார். நானும் பெருந்தன்மையோடு தலையாட்டினேன்.

பெப்ரவரி 12
என் சொந்தப் பெயரில் ஒரு திரைக்கதை எழுதி வேறு நிறுவனத்துக்கு அனுப்பினேன். மாமனார் அருளானந்தன் வடநோர்வேயின் ஹம்மர்பெஸ்ட் ஊர் மீன் தொழிற்சாலையில் வேலை செய்த காலம். முத்தம் இல்லை. சிரிப்பும் இல்லை. கலை!

மார்ச் 19
அந்த நிறுவனத்துத் தயாரிப்பாளர் ஜோனாஸ் அழைத்தார். “கதை நன்று. ஆட்கள்தான் மரக்கட்டைகள். கரோலினா லிண்ட் திருத்தித் தந்தால் எடுக்கலாம். கேட்டுப் பார்க்கிறேன்.”
நல்ல யோசனை என்றேன்.
என்னத்துக்கு அப்பிடிச் சொன்னனான்? பத்து வருசமா இல்லாத பொம்பிளை ஒருத்தியை வளர்த்துவிட்டனான் – இப்ப அவள் என்ரை கதையைத் திருத்த வாறாள்!

மார்ச் 20
மனைவி உதயகுமாரி விழுந்து விழுந்து சிரித்தாள். “அப்பாவுக்கு ஒருக்கா வாசிச்சுக் காட்டுங்கோவன்” என்றாள். தமிழில் சொல்லிக்கொண்டே போனேன். மாமா பாதியில் மறித்தார்.
“தம்பி, ஏன் எல்லாரும் அழுதுகொண்டு நிக்கினம்? அங்கை ஒரே பகிடிதானே. மீன் வெட்டுற மேசையிலைதான் மாமியின்ரை கையைப் பிடிச்சனான். மீன் நாறுற கையுறையைக் கழட்ட மறந்துபோனன். நாலு நாள் அவ என்னோடை கதைக்கேல்லை.”
பன்னிரண்டு படத்திலும் இப்படி ஒரு காட்சி எனக்கு வரவில்லை. வெட்கமாக இருந்தது.

ஏப்ரல் 2
ஜோனாஸ் கரோலினாவுக்கு அனுப்பிய கடிதம் என் மின்னஞ்சல் பெட்டிக்கு வந்தது. “பாவம், இவருக்கு உதவுங்கள்.” கரோலினா ஒப்புக்கொண்டாள்.

ஏப்ரல் 28
திரைக்கதையிலும் கையுறையோடு கை பிடித்தாயிற்று. எழுதும்போது நானே சிரித்தேன். கெட்டிக்காரி.

மே 6
கணினியில் கூட்டம். ஜோனாஸுக்குத் திருத்தம் நல்லாய்ப் பிடித்திருந்தது. “கரோலினா இன்னும் வரவில்லையே?”
“வந்து பத்து நிமிடமாகிறது” என்றேன்.
“அப்படியென்றால் திருத்தியது?”
“நான்.”
“முதலில் எழுதியது?”
“அதுவும் நான்தான். மன்னிக்கவேண்டும்.”
சிரிக்கவில்லை. யோசித்துச் சொல்கிறேன் என்று போய்விட்டார்.

மே 15
விஷயம் பரவிவிட்டது. பதின்மூன்றாவது ஞாயிற்றுப் படத்தை ஜெர்மன் தொலைக்காட்சிக்காரர் வேறு யாருக்கோ கொடுத்துவிட்டார்கள். ஜோனாஸிடமிருந்து ஒரு சத்தமும் இல்லை. வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கலாமோ?

ஜூன் 21
ஜோனாஸ் படத்தை எடுக்கிறார். எழுதியவர் ஒருவர்தான் என்பதால் ஒரு பெயர்தான் போடுவாராம். எது என்று என்னையே கேட்டார். முதல் பக்கத்தைத் திறந்தேன். விரல் பழக்கத்தில் “கரோலினா” என்று விழுந்தது. அழிக்கும்போது உண்மையாகவே கவலையாக இருந்தது. ஆனாலும் அழித்தேன்.