இடக்கை முடிச்சு

அன்புள்ள உம்மாவுக்கு சலாம். முழங்கால் வலி தேவலையா? டெல்லியில் எனக்கு ஒரு குறையுமில்லை.

போனில் சொன்னால் ஸ்பீக்கரில் தெருவே கேட்கும், அதனால் எழுதுகிறேன். பாலியல் வன்கொடுமை வழக்கில் போராடும் வாழைத்தோட்டத்து அக்காவைப் பற்றிய ஆவணப்படத்தை இங்கே சிலருக்குப் போட்டுக் காட்டினேன். அவர் முகத்தையும் குரலையும் மறைத்த நான், இலைக்கட்டு கட்டும் கைகளை அழகென்று விட்டுவைத்தேன். பார்க்க வந்த ஸ்ரீவைகுண்டத்துக்காரர் ஒருவர் சிரித்தார்: "ஏ புள்ள, இடக்கையால முடிச்சு போடுதவ எங்கூர்ல ஒருத்திதானே!"

காட்சியை உடனே வெட்டிவிட்டேன். அந்த ஆளின் வாயை எப்படி அடைப்பது? ஜாமீனில் வந்தவன் அந்த ஊரில்தான் திரிகிறான்; அக்கா படத்தில் பேசியது அவன் காதுக்குப் போனால் என்ன ஆகும்? நியாயம் கேட்கப் போய் நானே காட்டிக்கொடுத்துவிட்டேன்.

நீங்கள் நேரில் போய் அக்காவிடம் நடந்ததைச் சொல்லுங்கள். படமே வேண்டாம் என்றால் நிறுத்திவிடுகிறேன். முடிந்தால் கொஞ்சம் கருப்பட்டி அனுப்புங்கள். இங்கே டீ இறங்கவில்லை.

படித்ததும் இதைக் கிழித்து எரித்துவிடுங்கள்.

உங்கள் பானு